பள்ளிக்கூடத்துச் சோப்பும் காய்ச்சல் பிள்ளையும்

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



எனக்குக் கொடுத்த தலைப்பு "தொற்றுக் காலத்திலும் அதற்குப் பிறகும் பள்ளிச் சுகாதாரம்". தலைப்பைக் கேட்டதுமே எனக்கு பயம். இது டாக்டர் பேச வேண்டிய விஷயம், நர்ஸம்மா பேச வேண்டிய விஷயம். நான் எங்க ஊர்ப் பள்ளிக்கூடத்தில் காலை உணவு சமைக்கிறவள். குழுவுக்குச் செயலாளர். பள்ளி மேலாண்மைக் குழுவில் ஒரு உறுப்பினர். தலைவர் அக்காதான் சொன்னாங்க: "நீ பார்த்ததைச் சொல்லு, படிச்சதைச் சொல்ல வேற ஆள் இருக்காங்க." அதனால் பார்த்ததைச் சொல்கிறேன். நடுவில் கேட்டுத் தெரிந்துகொண்டதும் கொஞ்சம் வரும்.

2020 மார்ச் மாதத்தை நினைத்துப் பாருங்கள். நம்ம கள்ளக்குறிச்சி மாவட்டம் பிறந்து நாலு மாசம்கூட ஆகவில்லை. 2019 நவம்பர் 26இல்தான் விழுப்புரத்திலிருந்து பிரித்தார்கள். மார்ச் நடுவில் பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டார்கள். பிள்ளைகளுக்கு ஒரே கொண்டாட்டம். எங்க பெரியவன் அப்போ நாலாம் வகுப்பு. "அம்மா, பரீட்சை கிடையாதாம்" என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு ஓடினான். 25ஆம் தேதி நாடு முழுக்க ஊரடங்கு. நாம் துணி மாஸ்க் தைக்க உட்கார்ந்தோம். தமிழ்நாடு முழுக்க குழுப் பெண்கள் தைத்தார்கள். காது நாடா இழுத்து இழுத்து என் விரல் காய்த்துப்போனது. தைத்துக் கொடுத்த நாமே அதைத் தாடையில் மாட்டிக்கொண்டு கடைக்குப் போனோம். மூக்கு வெளியே இருந்தால் மாஸ்க் போட்டு என்ன பிரயோஜனம்? அது புரியவே நமக்கு ரொம்ப நாள் ஆனது.

பள்ளிக்கூடம் மூடினால் பாடம் மட்டும்தான் நிற்கும் என்று நினைத்தேன். அப்படி இல்லை. மத்தியானச் சோறு நின்றது. அதற்குப் பதிலாக அரிசி, பருப்பு, பிறகு முட்டையும் கொடுத்தார்கள். அரசாங்கத்தைக் குறை சொல்ல மாட்டேன், கொடுத்தார்கள். ஆனால் வீட்டுக்கு வந்த முட்டை பிள்ளைக்கு வந்த முட்டையாகவா இருந்தது? மாமனாருக்கு ஒன்று, வேலைக்குப் போகிறவருக்கு ஒன்று. பள்ளிக்கூடத்தில் தட்டில் வைத்தால் அது அந்தப் பிள்ளை வாயிலேயே போகும். வளரும் பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி வழியாகக் கிடைத்த நாப்கினுக்கும் அதே கதி, பல வீடுகளில் மறுபடி பழைய துணிக்குப் போனார்கள். வாரம் ஒரு தடவை வகுப்பில் வாய் திறக்கச் சொல்லிக் கொடுக்கிற இரும்புச்சத்து மாத்திரை, குடற்புழு மாத்திரை, எல்லாம் பள்ளிக்கூடம் என்கிற அந்த ஒரு வாசல் வழியாகத்தான் வந்துகொண்டிருந்தது. வாசலை மூடின பிறகுதான் எனக்கு அது தெரிந்தது.

பாடத்துக்குக் கல்வித் தொலைக்காட்சி இருந்தது. பெரிய வகுப்புக்கு செல்போனில் பாடம். எங்க வீட்டில் ஒரே போன், அது அவரோடு வேலைக்குப் போய்விடும். மலையில் இன்னும் மோசம். வெள்ளிமலைப் பக்கத்து அக்கா ஒருத்தர் சொன்னார், அவர் மகள் சிக்னல் தேடிப் பாறை மேல் ஏறி உட்கார்ந்து பாடம் கேட்பாளாம், மழை வந்தால் அன்றைக்குப் பாடம் இல்லை.

அந்த 2020 மே மாதமே டாஸ்மாக் திறந்தது. நவம்பரில் சினிமா தியேட்டர் திறந்தது. பத்தாவது, பன்னிரண்டாவது பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் திறந்தது 2021 ஜனவரி 19. இதை நான் அரசியலாகச் சொல்லவில்லை. வரிசையை மட்டும் சொல்கிறேன். இதில் எது முன்னால் திறந்திருக்க வேண்டும் என்று நீங்களே சொல்லுங்கள்.

ஜனவரியில் திறந்தபோது ஒரு வகுப்புக்கு 25 பேர், பெற்றோர் கையெழுத்துப் போட்ட சம்மதக் கடிதம், நுழையும்போதே நெற்றியில் சூடு பார்க்கிற கருவி, சத்து மாத்திரை, ஜிங்க் மாத்திரை என்று நிறைய விதிகள். பிப்ரவரி 8இல் ஒன்பதாவதும் பதினொன்றாவதும் வந்தார்கள். மார்ச்சிலேயே மறுபடி மூடல். இரண்டாவது அலை எப்படி இருந்தது என்று இந்தக் கூட்டத்தில் நான் சொல்ல வேண்டாம், இழந்தவர்கள் இங்கே இருக்கிறீர்கள். செப்டம்பர் 1இல் ஒன்பது முதல் பன்னிரண்டு வரை, நவம்பர் 1இல் சின்ன வகுப்புகள். என் சின்னவளை ஒன்றாம் வகுப்பில் சேர்த்தது 2021 ஜூனில். வகுப்பறையை அவள் முதல் தடவை பார்த்தது அந்த நவம்பர் 1. பெரியவன் ஆறாவது போய்விட்டான், ஆனால் மூன்றாம் வகுப்புப் புத்தகத்தை எழுத்துக் கூட்டித்தான் படித்தான். 2022 ஜனவரியில் இன்னொரு மூடல், பிப்ரவரி 1இல் திறப்பு. அதற்குப் பிறகு இதுவரை மூடவில்லை.

அந்த விதிகளில் எது உதவியது, எது வீண் வேலை? இதைப் பற்றி நர்ஸம்மாவிடம் பல தடவை கேட்டேன். நாம் என்ன செய்தோம்? பிளீச்சிங் பவுடர் கரைத்துத் தெருவெல்லாம் அடித்தோம், வேப்பிலை மஞ்சள் தெளித்தோம், பெஞ்சைத் துடைத்துத் துடைத்துச் சாயம் போனது. வேறு சில ஊர்களில் மனுஷர்கள் மேலேயே மருந்து அடித்தார்கள். ஆள் மேல் அடிக்கக்கூடாது, அது கண்ணுக்கும் தோலுக்கும் கெடுதல் என்று மத்திய சுகாதாரத் துறையே 2020 ஏப்ரலில் சொல்லிவிட்டது. ஆனால் இவ்வளவும் செய்துவிட்டு, மழைச் சாரல் அடிக்கிறது என்று வகுப்பறை ஜன்னலைச் சாத்தி வைத்தோம்.

அங்கேதான் தப்பு. முதல் வருஷம் கையைப் பற்றியே அதிகம் பேசினார்கள். பிறகு 2021இல் உலக சுகாதார நிறுவனமும் இது காற்றில் மிதந்தும் பரவுகிறது என்று தெளிவாகச் சொன்னது. சமைக்கிறவர்களுக்கு இது சுலபமாகப் புரியும். மிளகாய் தாளிக்கிறோம். கதவும் ஜன்னலும் திறந்திருந்தால் நெடி ஓடிவிடும். மூடியிருந்தால் ஆறடி தள்ளி நின்றவரும் இருமுவார். நோய்க்காற்றும் அப்படித்தான். ஆறடி இடைவெளி மட்டும் போதாது, காற்று வெளியே போக வழி வேண்டும். எங்க பள்ளிக்கூடத்தில் ஒரு வகுப்பில் இரண்டு ஜன்னல் கொக்கி துருப்பிடித்துத் திறக்கவே முடியாமல் இருந்தது. மேலாண்மைக் குழுக் கூட்டத்தில் சொன்னேன். ஒரு பிள்ளையின் அப்பா தச்சர், அரை மணி நேரத்தில் சரிபண்ணிக் கொடுத்தார். செலவு ஒன்றுமில்லை, இரண்டு கொக்கிதான். இரண்டு வருஷம் யாருக்கும் தோன்றவில்லை, எனக்கும்தான்.

கொரோனா போனாலும் ஜன்னல் போகக்கூடாது. சளி, தட்டம்மை, பொன்னுக்கு வீங்கி, காசநோய் எல்லாம் மூடின அறையைத்தான் விரும்பும்.

இப்போது சோப்பு. அந்த 2021இல் கை கழுவுகிற இடத்தில் குழாய்க்குக் குழாய் சோப்பு இருந்தது, அதிகாரிகள் பார்வைக்கு வந்த காலம். பிறகு ஒவ்வொன்றாகக் காணாமல் போனது. எங்கே போச்சு என்று ஒரு வாரம் காவல் இருந்து பார்த்தேன். பிள்ளைகள் எடுக்கவில்லை. காக்கா! சிரிக்காதீங்க, உண்மை. காக்கா தூக்கிக்கொண்டு போய் ஓட்டு மேல் வைத்துக் கொத்திக்கொண்டிருந்தது. மீதி தண்ணீரில் ஊறிக் கரைந்து போனது. அதற்கு நாங்கள் ஒரு வழி செய்தோம். வெங்காயம் வருகிற வலைப் பை இருக்கிறதல்லவா, அதைச் சின்னதாக வெட்டித் தைத்து, சோப்பை இரண்டாக அறுத்து உள்ளே போட்டு, குழாயில் கட்டித் தொங்கவிட்டோம். பிள்ளை வலையோடு தேய்த்தாலே நுரை வரும். காக்காவால் இழுக்க முடியாது, காற்றில் காய்ந்தும்விடும். சோப்புக் காசு எங்கிருந்து என்று கேட்பீர்கள். வாரச் சந்தாவோடு ஆளுக்கு ஒரு ரூபாய். 12 பேர், வாரம் 12 ரூபாய். போதவில்லை என்றால் மேலாண்மைக் குழுவில் கேட்கலாம். அந்தக் குழுவில் பெற்றோர்தான் அதிகம், பாதிக்குக் குறையாமல் பெண்கள் இருக்க வேண்டும் என்பது விதி. சுய உதவிக் குழுவில் இருக்கிற தாய்மார்களுக்கும் இடம் உண்டு. உங்கள் ஊரில் அந்த இடத்தில் யார் இருக்கிறார், கூட்டத்துக்குப் போகிறாரா, இல்லை வீட்டுக்கே நோட்டு வந்து கையெழுத்து மட்டும் வாங்கிப் போகிறார்களா, கொஞ்சம் விசாரியுங்கள்.

இனி சொல்லப் போவது எனக்குக் கொஞ்சம் வெட்கமான விஷயம்.

எல்லா விதியிலும் முதல் விதி என்ன? காய்ச்சல், இருமல் இருந்தால் பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பாதே. கொரோனாவுக்கு முன்னாலும் அதுதான், இப்போதும் அதுதான். நான் அதை மீறினேன். 2022 டிசம்பர். மக்காச்சோளம் ஒடிக்கிற சமயம். நான் அப்போது காலை உணவு வேலையில் இல்லை, கூலிக்குப் போய்க்கொண்டிருந்தேன். காலையில் சின்னவளுக்கு உடம்பு சுட்டது. ஒரு பாராசிட்டமால் கொடுத்தேன், கொஞ்ச நேரத்தில் அடங்கிவிட்டது, சடை பின்னி அனுப்பிவிட்டேன். மாத்திரை எத்தனை நேரம் நிற்கும்? மதியச் சாப்பாட்டுக்குள் காய்ச்சல் ஏறி, வகுப்பிலேயே வாந்தி எடுத்து, டீச்சர் அவளைத் திண்ணையில் படுக்க வைத்து எனக்குப் போன் மேல் போன். போன் வரப்பில் கிடந்த பையில். நான் பார்த்தது மூன்றரை மணிக்கு.

அவள் தேறிவிட்டாள். ஆனால் அந்த வாரம் அவள் பெஞ்சில் உட்கார்ந்த நாலு பிள்ளைகளும் படுத்தார்கள். அதில் ஒருத்தி நம்ம குழு அக்காவின் பேத்தி. அந்த அக்காவும் அன்றைக்கு என்னோடு ஒரே கொல்லையில்தான் வேலை செய்தார். அவர் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை, அதுதான் எனக்குக் கஷ்டம்.

அதைப் பற்றி நிறைய யோசித்தேன். நான் ஏன் அனுப்பினேன்? தெரியாமலா? இல்லை. மாஸ்க் தைத்தவள் நான், கூட்டத்தில் எழுந்து விதி வாசித்தவள் நான். வீட்டில் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை, கூலி போய்விடும், அவ்வளவுதான் காரணம். நூறு நாள் வேலை என்றால் இன்னும் கஷ்டம், காலையில் ஒரு போட்டோ, மதியம் ஒரு போட்டோ. பாதியில் ஓடிவந்தால் அன்றைய கூலி இல்லை. "அனுப்பாதே" என்று சொல்கிறவர்கள் அந்தப் பிள்ளையை அன்றைக்கு யார் பார்த்துக்கொள்வது என்று சொல்வதில்லை. நாமும் கேட்பதில்லை, மாத்திரை கொடுத்து மறைத்துவிடுகிறோம். இப்போது காலையில் பொங்கல் பரிமாறும்போது எனக்குத் தெரிந்துவிடும். தட்டைத் தொடாமல் உட்கார்ந்திருக்கும், கண் சிவந்திருக்கும், நெற்றி லேசாக வியர்த்திருக்கும், மாத்திரை வேலை செய்கிறது என்று அர்த்தம். பல நாள் இதைப் பார்க்கிறேன்.

அதனால் எங்கள் குழுவில் ஒரு ஏற்பாடு செய்தோம். யார் வீட்டுப் பிள்ளைக்குக் காய்ச்சலோ, அந்த அம்மா காலை ஏழு மணிக்குள் குழுவில் சொல்ல வேண்டும். அன்றைக்கு வேலைக்குப் போகாத ஒருத்தர் பிள்ளையைப் பார்த்துக்கொள்வார். அம்மாவே வீட்டில் இருக்கிறேன் என்றால் குழுச் சேமிப்பிலிருந்து 300 ரூபாய், வட்டி இல்லை, ஒரு மாசத்தில் திருப்பித் தரவேண்டும். இதுவரை ஏழு பேர் வாங்கியிருக்கிறார்கள். ஆறு பேர் திருப்பிவிட்டார்கள். ஏழாவது ஆள் இங்கேதான் இருக்கிறார், பெயர் சொல்ல மாட்டேன்.

எல்லாம் நன்றாக நடந்தது என்று சொன்னால் அது பொய். மூன்றாவது தடவையே பிரச்னை. பார்த்துக்கொண்ட வீட்டில் ஆறு மாசக் கைக்குழந்தை இருந்தது, அதற்கும் சளி பிடித்துவிட்டது. அந்த மாமியார் வந்து நல்லா திட்டினார், நியாயம்தான். பிறகு மாற்றினோம். கைக்குழந்தை, கர்ப்பிணி, வயதானவர் இருக்கிற வீட்டில் விடுவதில்லை. உள்ளே படுக்க வைப்பதில்லை, திண்ணையில் கட்டில். பிள்ளைக்கும் பார்த்துக்கொள்கிறவருக்கும் மாஸ்க். தனி டம்ளர். இப்படித்தான் ஓடுகிறது.

பார்த்துக்கொள்கிறவருக்கு எதற்கெல்லாம் பயப்பட வேண்டும் என்று தெரிந்திருக்க வேண்டும். நர்ஸம்மா சொன்னதை அப்படியே சொல்கிறேன். வேகமாக மூச்சு வாங்கினால், நெஞ்சுக்கூடு உள்ளே இழுத்தால், எழுப்பினாலும் சுருண்டு சுருண்டு தூங்கினால், தண்ணீர்கூட இறங்காவிட்டால், வலிப்பு வந்தால் ஒரு நிமிஷம் தாமதிக்காமல் 108. டெங்கு சமயத்தில் ஒன்று விசேஷமாக ஞாபகம் வைக்க வேண்டும். காய்ச்சல் விட்டதும் சரியாகிவிட்டது என்று நினைப்போம், ஆபத்து அப்போதுதான் ஆரம்பிக்கும். வயிற்று வலி, விடாத வாந்தி, பல் ஈறிலோ மூக்கிலோ ரத்தம் என்றால் உடனே ஆஸ்பத்திரி. மெடிக்கலில் கலர் கலராகச் செட் மாத்திரை வாங்காதீர்கள். பெரியவர் மாத்திரையைக் குத்துமதிப்பாகப் பாதி உடைத்துக் கொடுக்காதீர்கள், பிள்ளையின் எடைக்குத்தான் அளவு, ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேட்டு வாங்குங்கள். பேதி என்றால் உப்பு சர்க்கரைக் கரைசல், கூடவே ஜிங்க் மாத்திரை 14 நாள், பேதி நின்றாலும் நிறுத்தக்கூடாது. மாத்திரை போடாமலே ஒரு முழு நாள் காய்ச்சல் இல்லை என்றால் பள்ளிக்கு அனுப்பலாம். அம்மை வார்த்த பிள்ளை, கொப்புளம் எல்லாம் காய்ந்து பொருக்கு தட்டின பிறகு. பொன்னுக்கு வீங்கி என்றால் வீக்கம் ஆரம்பித்து ஐந்து நாள்.

இதோடு இன்னொன்று. வருஷம் முழுக்க லீவே போடாத பிள்ளைக்குப் பரிசு கொடுக்கிற வழக்கம் பல இடத்தில் உண்டு. எனக்கு அது பிடிக்கவில்லை. அந்தப் பரிசுக்காகக் காய்ச்சலோடு வருகிற பிள்ளையை நான் பார்த்திருக்கிறேன். மேலாண்மைக் குழுவில் சொன்னேன், இன்னும் முடிவாகவில்லை. நீங்களும் உங்கள் ஊரில் சொல்லுங்கள், நாலு இடத்தில் சொன்னால் நடக்கும்.

அப்படியானால் நோய் வந்தால் பள்ளிக்கூடத்தை மூடிவிடலாமே என்று சிலர் கேட்கிறார்கள். 1918இல் உலகம் முழுக்க விஷக் காய்ச்சல் வந்தபோது அமெரிக்காவில் பல ஊர்களில் பள்ளிகளை மூடினார்கள். நியூயார்க்கில் மூடவில்லை. அங்கே குழந்தைகள் சுகாதாரத்துக்குப் பொறுப்பாக இருந்தவர் ஜோசபின் பேக்கர் என்கிற பெண் டாக்டர். பிள்ளைகள் இடுக்கமான வீடுகளில் அடைந்து கிடப்பதைவிட, தினமும் ஒருவர் கண்ணில் படுகிற மாதிரி பள்ளியில் இருக்கட்டும் என்றார். தினமும் காலையில் பிள்ளைகளைச் சோதித்து, உடம்பு சரியில்லாதவர்களை வீட்டுக்கு அனுப்பினார்கள். கொரோனா வேறு நோய், நம்ம நிலைமை வேறு, அன்றைக்கு மூடினதே தப்பு என்று சொல்ல எனக்குத் தெரியாது. ஆனால் இவ்வளவு நாள் மூடினதில் நாம் என்ன இழந்தோம் என்று தெரியும். 2021 அக்டோபர் 27இல், பக்கத்து விழுப்புரம் மாவட்டம் முதலியார்குப்பத்தில் இல்லம் தேடிக் கல்வி ஆரம்பித்தார்கள். எங்க தெருவில் ஒரு தங்கச்சி மாசம் 1000 ரூபாய்க்கு, சாயங்காலம் வேப்ப மரத்தடியில் பாடம் நடத்தினாள். பெரியவன் மறுபடி எழுத்துக் கூட்டியது அங்கேதான். திறந்த வெளி, காற்றுக்கும் பிரச்னை இல்லை.

அவனுக்காவது மரத்தடி கிடைத்தது. திரும்பியே வராத பிள்ளைகளும் உண்டு. குடும்பத்தோடு வெளியூர் வேலைக்குப் போன பையன்கள், ஊரடங்கில் அவசரமாகக் கட்டிக் கொடுத்த பெண்கள். மலையிலிருந்து வந்திருக்கிற அக்காங்களுக்கு இது என்னைவிடத் தெரியும். பிள்ளை ரெண்டு வாரம் பள்ளிக்கு வரவில்லை என்றால் காய்ச்சலா, கல்யாணமா, சூளையா என்று நாம் போய்க் கேட்க வேண்டும். கல்யாணம் என்றால் 1098. பள்ளி சம்பந்தமாக எது கேட்கவும் 14417. உங்கள் பெயரை வெளியில் சொல்ல மாட்டார்கள்.

அடுத்த மாதக் கூட்டத்தில் தீர்மான நோட்டில் எழுத மூன்று விஷயம் தருகிறேன், பிடித்தால் எழுதுங்கள். காய்ச்சல் பிள்ளையைப் பார்த்துக்கொள்ள முறை. சோப்புக்கு வாரம் ஒரு ரூபாய். மேலாண்மைக் குழுவில் நம்ம ஆள் யார் என்று பெயர். அந்த 300 ரூபாய் விஷயம் ஒவ்வொரு குழுவின் சேமிப்பைப் பொறுத்தது, அதை நீங்களே பேசிக்கொள்ளுங்கள்.

மணி ஒன்றாகப் போகிறது. மலைக்குப் போகிறவர்களுக்கு பஸ் இருக்கிறது, சாப்பாடும் ரெடி என்று கை காட்டுகிறார்கள். மண்டபத்துக்குப் பின்னால் குழாயில் ரெண்டு வலைப் பை கட்டி வைத்திருக்கிறேன், உள்ளே சோப்பு இருக்கிறது. கழுவிப் பாருங்கள், தையல் எப்படி என்று கேட்கிறவர்களுக்குச் சாப்பிட்டதும் காட்டுகிறேன்.